காயிபின் வாப்பா

எங்கள் ஊரான அமாராவில் பிள்ளை இல்லாத மனிதரைப் பார்த்து, பிள்ளை இல்லாதவர் என்று யாரும் சொல்வதில்லை. நாக்கு கூசும். கல்யாணமான ஆளை மூத்த மகன் பெயரோடு சேர்த்து, அபூ இன்னார், அதாவது இன்னாருடைய வாப்பா என்று கூப்பிடுவதுதான் இங்கே மரியாதை. மகனே இல்லாதவரை எப்படிக் கூப்பிடுவது? அதற்கும் வழி வைத்திருக்கிறோம். அபூ காயிப். காயிப் என்றால் இங்கே இல்லாதவன், எங்கேயோ போயிருப்பவன். பிறக்கவே இல்லை என்று சொல்லவில்லை, கவனியுங்கள். பையன் இருக்கிறான், இப்போதைக்குக் கண்ணில் படவில்லை, அவ்வளவுதான். கடைத்தெருவில் முடி வெட்டும் அபூ காயிபுக்கு அறுபது வயது. அவர் மகன் இன்னும் வந்து சேரவில்லை.

அப்படி வெறும் மரியாதைக்காக வைத்திருந்த காயிப் என்ற பெயரை நிஜமாகவே தலையில் சுமந்துகொண்டு திரிந்தவன் எங்கள் தெருவில் ஒருத்தன் உண்டு. எருமை வளர்க்கும் திஸ்வாஹினின் ஒரே மகன். அவள் அந்தப் பெயரை வைக்கவே இல்லை என்பதுதான் வேடிக்கை.

நாற்பது நாள் பிள்ளையைத் துணியில் சுற்றிக்கொண்டு பிறப்புப் பதிவு செய்யப் போயிருந்தாள். சண்டை உச்சத்தில் இருந்த வருஷம். ஜன்னலுக்கு வெளியே ராணுவ லாரிகள் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தன. குமாஸ்தா தலையைத் தூக்காமல் கேட்டான்.

"வாப்பா பேரு?"

"லஃப்தா."

"பிள்ளை பேரு?"

"பேரு அவருதாங்க வைக்கணும். அவரு காயிப்."

லாரிச் சத்தத்தில் குமாஸ்தாவின் காதில் விழுந்தது முதல் வார்த்தையும் கடைசி வார்த்தையும்தான். பேரு, காயிப். எழுதி, முத்திரை குத்தி, கையில் கொடுத்துவிட்டான். அவளுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. வீட்டுக்கு வந்து கொழுந்தன் கையூன் வாசித்தபோதுதான் விஷயம் தெரிந்தது.

"மதினி, என்ன காரியம் பண்ணிட்டீங்க? பிள்ளைக்கு ‘ஆளில்லை’ன்னு பேரு வெச்சிருக்கீங்க!"

"இருந்துட்டுப் போகட்டும். அந்தக் காலத்துல வாப்பா தூரத்துல இருக்கும்போது பிறந்த பிள்ளைக்கு அப்படி வெச்சதுதானே? அவரு வந்து மாத்துவாரு."

போருக்குப் போன லஃப்தா வரவில்லை. அவன் இருந்த படைப்பிரிவில் பாதிப்பேர் செத்தார்கள், பாதிப்பேர் பிடிபட்டார்கள். செத்தவர்கள் பெட்டியில் வந்தார்கள். பிடிபட்டவர்கள் பெயர் எதிரியின் வானொலியில் வந்தது. லஃப்தா இரண்டிலும் வரவில்லை. போர் முடிந்து கைதிகள் பேருந்து பேருந்தாக வந்து இறங்கினார்கள். திஸ்வாஹின் ஒவ்வொரு பேருந்துக்கும் போய் நின்றாள். பிறகு பேருந்துகளும் நின்றுபோயின.

இதெல்லாம் ஊரறிந்த கதை. ஊருக்குத் தெரியாத ஒன்று அவள் நெஞ்சுக்குள் கிடந்தது. லஃப்தாவுக்குத் தான் ஒரு பிள்ளைக்கு வாப்பா என்பதே தெரியாது.

கடைசி விடுப்பில் ஆறு நாள் வீட்டில் இருந்தான். அப்போது அவளுக்கு இரண்டு மாதம். அதற்கு முன் இரண்டு தடவை அவசரப்பட்டுச் சொல்லி, அவன் முகம் மலர்ந்ததைப் பார்த்து, பிறகு இரண்டு தடவையும் கலைந்து, அந்த முகம் வாடியதையும் பார்த்திருக்கிறாள். மூன்று மாதம் முடியாமல் வாயைத் திறக்கக் கூடாது, கண் பட்டுவிடும் என்று இந்தத் தடவை பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிட்டாள். அடுத்த விடுப்பில் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தாள். ஆறாம் நாள் காலை அவன் மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தான். லஃப்தா என்றால் திரும்பிப் பார்ப்பது. பெயர்தான் அப்படி. தெருமுனை வரை மனுஷன் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. திரும்பியிருந்தால் ஓடிப்போய்ச் சொல்லியிருப்பாள். பதினாறு வருஷமாக அந்தத் தெருமுனையைப் பார்க்கும்போதெல்லாம் அவள் அவனைத் திட்டினாள், தன்னையும் திட்டிக்கொண்டாள்.

பையனுக்குப் பள்ளிக்கூடத்தில் பெயரால் படாத பாடு. வாத்தியார் வருகைப் பதிவேட்டைப் பிரித்து "காயிப்!" என்பார். இவன் எழுந்து "உள்ளேன் ஐயா!" என்பான். வகுப்பு கொல்லென்று சிரிக்கும்.

"இல்லாதவன் எப்படிடா உள்ளேன்ங்கிற?"

"ஐயா, இல்லாதவனே வந்துட்டான், அப்ப வந்த நாங்கல்லாம் இல்லாதவங்களா?"

முதல் வருஷம் சிரித்தான். இரண்டாம் வருஷம் அடித்தான். பிறகு பேசாமல் இருக்கக் கற்றுக்கொண்டான். பதினாறு வயது முடிந்ததும் அடையாள அட்டைக்கு எழுதவேண்டி வந்தது. பெயரை மாஜித் என்று மாற்றிக்கொள்கிறேன் என்றான். மாற்ற வாப்பாவின் கையெழுத்து வேண்டும். இல்லாவிட்டால் வாப்பா இறந்துவிட்டார் என்று கோர்ட் சொல்ல வேண்டும்.

"உம்மா, நான் அவரைச் சாகச் சொல்லலை. எனக்கு ஒரு பேரு வேணும்ங்கிறேன், அவ்வளவுதான்."

திஸ்வாஹின் இரண்டு நாள் ரொட்டி தொடவில்லை. மூன்றாம் நாள் சரி என்றாள். போனவனுக்காக இருக்கிறவனை எத்தனை நாள் காக்கவைப்பது? கையூன் மனு எழுதி வாங்கிவந்தான். ஞாயிற்றுக்கிழமை கோர்ட், இங்கே விடுமுறை வெள்ளிக்கிழமைதான். அண்ணன் செத்துவிட்டான் என்று சத்தியம் பண்ண இரண்டு சாட்சி வேண்டும். அதில் ஒருத்தன் கையூன். அவள் கட்டைவிரலை வைத்தால் போதும்.

அதற்கு முந்தின வியாழக்கிழமை வழக்கம்போலக் கடைத்தெருவில் உட்கார்ந்து கைமர் விற்றுக்கொண்டிருந்தாள். எருமைப் பாலைச் சிறு தீயில் காய்ச்சி, ஆறவிட்டு, மேலே கட்டும் தடித்த ஆடையை மடித்து எடுப்பதுதான் கைமர். சூடான ரொட்டியில் அதை வைத்து, மேலே பேரீச்சம் பாகு ஊற்றித் தின்றால்தான் எங்கள் ஊருக்குப் பொழுது விடியும். லஃப்தா அவளை முதலில் பார்த்ததும் இந்த இடத்தில்தான். தட்டின் முன்னால் குந்திக்கொண்டு, "இந்தக் கைமர் என்ன பெறும்?" என்று கேட்டான். சொன்னாள். "அந்தத் தட்டு என்ன பெறும்?" சொன்னாள். "சரி, நீ என்ன பெறுவே?" என்றான் அந்தப் போக்கிரி. "அதான் என் பேரிலேயே இருக்கே" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவள் ஐந்தாவது பெண். பெண்ணா என்று உறவெல்லாம் உதட்டைப் பிதுக்கியபோது அவள் வாப்பா வீம்புக்கு வைத்த பெயர் திஸ்வாஹின். இவள் ஒருத்தி அத்தனை பெண்களுக்கும் ஈடு, அத்தனை பெண்களும் பெறுவாள் என்று அர்த்தம். கல்யாணத்துக்குப் பிறகும் லஃப்தா தினமும் அதே கேள்வியைக் கேட்பான், அவள் தன் பெயரையே பதிலாகச் சொல்வாள். அவன் போனபிறகு அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஆளில்லை. ஊருக்கு அவள் உம்மு காயிப், காயிபின் உம்மா.

டீக்கடை ஹன்னூனிடம் ஒரு வெளியூர்க்காரன் வந்து நின்றான். நாற்பது வயதுதான் இருக்கும், ஆனால் முன்பல் நான்கைக் காணோம். சட்டை புதுசு, அதற்குள் உடம்பு இருக்கிற மாதிரியே தெரியவில்லை.

"இங்க அபூ காயிப் வீடு எதுங்க?"

ஹன்னூனுக்குக் காலையிலேயே நல்ல வேட்டை. "எந்த அபூ காயிப்பா வேணும்? முடி வெட்டறவரா? மாவு மில்லுக்காரரா? மூணு கல்யாணம் பண்ணியும் காயிப் இன்னும் கண்ணைக் காட்டாத நம்ம பெரியவரா? எங்க ஊர்ல பிறந்த பிள்ளைங்களை விடப் பிறக்காத பிள்ளைங்க ஜாஸ்தி!"

கடைத்தெரு சிரித்தது. பெயர் காதில் விழுந்து, முடி வெட்டும் அபூ காயிப் கையில் கத்தரிக்கோலோடு வெளியே வந்தார்.

"நான் ஸாஜித். கைதி முகாம்ல இருந்து போன வாரம்தான் வந்தேன்" என்றான் வெளியூர்க்காரன். "நான் தேடுற அபூ காயிப் இங்க இல்லை. அங்க இருக்காரு. அவரு சம்சாரத்துக்கு ஒரு சேதி கொண்டுவந்திருக்கேன்."

சிரிப்பு அப்படியே நின்றது. ஹன்னூன் திஸ்வாஹின் பக்கம் கையைக் காட்டினான். அவள் கை கைமரில் புதைந்தபடி இருந்தது, எடுக்க மறந்துவிட்டாள்.

ஸாஜித் அருகில் வந்து நின்றான். "நீங்கதான் உம்மு காயிபா?"

"ஆமா."

அப்போது காயிப் இரண்டாவது தட்டைக் கொண்டுவந்து அவள் பக்கத்தில் இறக்கினான். ஸாஜித் அவனையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தான்.

"இது யாரு?"

"என் மகன் காயிப்."

ஸாஜித்தின் முகம் தொங்கிப்போயிற்று. "மன்னிச்சிக்குங்க தங்கச்சி. நீங்க இல்லை. நம்மாளுக்குப் பிள்ளை கிடையாது. அதனாலதானே அவரு அபூ காயிப்!"

திரும்பி நடக்க ஆரம்பித்துவிட்டான். ஒரு நாளும் ஆண்பிள்ளையைக் கூவி அழைக்காத திஸ்வாஹின் கூவினாள்.

"நில்லுங்க! அவரு சொந்தப் பேரு என்ன?"

"தெரியாது. எங்க கூடத்துல யாரும் யார் பேரையும் கேக்கமாட்டோம். பேரைக் கேக்கிறவன் உளவு சொல்றவன்னு அர்த்தம். எங்க பேரு எந்தப் பட்டியல்லயும் இல்லை. போன மாசம்தான் கைதிங்களைக் கணக்கெடுக்கிற வெளியாளுங்க முதல்தடவையா வந்து, ஒவ்வொருத்தரா தனியாக் கூப்பிட்டு எழுதிக்கிட்டாங்க. அப்புறம்தான் எங்கள்ல கொஞ்சம் பேரை விட்டாங்க."

"சம்சாரம் பேரு?"

"நல்லாக் கேட்டீங்க போங்க. எந்த ஆம்பளை அடுத்தவன்கிட்ட பொண்டாட்டி பேரைச் சொல்வான்? கைமர் விக்கிறவள்னு மட்டும் சொன்னாரு. ஒரு கேள்வி கேக்கச் சொன்னாரு. சரியாப் பதில் சொல்றவதான் அவளாம்." தயங்கினான். "ஆனா பிள்ளை இருக்கிற பொம்பளைகிட்ட... கேக்கவே கூச்சமா இருக்கு."

"கேளுங்க."

"நீ என்ன பெறுவே?"

கடைத்தெருவே எழுந்து நின்றுவிட்டது. "என்னடா கேட்டே எங்க ஊர்ப் பொம்பளையை?" என்று முடி வெட்டும் அபூ காயிப் கத்தரிக்கோலை ஓங்கிக்கொண்டு பாய்ந்தார். ஹன்னூன் அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டான். ஸாஜித் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு, "நான் கேக்கலைங்க, அவரு கேக்கச் சொன்னாரு, வல்லாஹி, அல்லாஹ் மேல சத்தியமா அவருதான்!" என்று கத்தினான்.

"திஸ்வாஹின்" என்றாள் அவள்.

யாருக்கும் காதில் விழவில்லை. அவள் எழுந்து நின்று, பதினாறு வருஷமாக யாரும் சொல்லாத தன் பெயரை அத்தனை பேர் முன்னாலும் உரக்கச் சொன்னாள்.

"திஸ்வாஹின்! போய்ச் சொல்லுங்க அவருகிட்ட. அத்தனை பேரும் பெறுவேன்!"

ஸாஜித் அந்த இடத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டான். பல்லில்லாத வாயை மூடிக்கொண்டு அழுதான். ஹன்னூன் கொண்டுவந்த எலுமிச்சை டீ ஆறிப்போயிற்று.

லஃப்தா உயிரோடு இருந்தான். காலில் ஒரு குறை, கண் கொஞ்சம் மங்கல், மற்றபடி அதே வாய்.

"முதல் நாளே எல்லாரும் கேப்பாங்க, நீ அபூ என்னன்னு" என்று ஸாஜித் சொன்னான். "ஒண்ணுமில்லைன்னாராம். அப்ப நீ அபூ காயிப்னு வெச்சுட்டாங்க. காலையில ரொட்டி பங்கு வைக்கும்போது ‘அபூ காயிப்!’னு கூப்பிடுவாங்க. ‘உள்ளேன்’பாரு. நாங்களும் சும்மா இருக்கமாட்டோமே. ‘அபூ காயிப், பையன் எப்படி இருக்கான்’னு வம்பிழுப்போம். அவரும் சளைக்காம, முதல்ல ‘பல் முளைச்சிருக்கு’ன்னாராம். அடுத்த வருஷம் ‘நடக்கிறான்’னாராம். ‘பள்ளிக்கூடம் சேர்த்திருக்கேன், கணக்கு வரமாட்டேங்குது’ன்னாராம். வருஷா வருஷம் அந்த இல்லாத பையனுக்கு வயசு ஏத்திக்கிட்டே வந்தாராம். நான் வேற முகாம்ல இருந்து அங்க போய்ச் சேர்ந்தப்பவே பையன் மீசையோட இருந்தான்." சிரிக்கப் பார்த்தான். "இப்பக் கேட்டா பதினாறும்பாரு."

காயிப் கையில் இருந்த தட்டைக் கீழே வைத்தான். அவனுக்குக் கணக்கு வராது. அது ஊருக்கே தெரியும்.

"சேதி என்னங்க?" என்றாள் திஸ்வாஹின்.

ஸாஜித் தரையைப் பார்த்தபடி சொன்னான். "அவ காத்திருக்கவேண்டாம்னு சொல்லச் சொன்னாரு. ‘அங்க எனக்குன்னு ஒண்ணும் இல்லை. ஒரு பிள்ளை இருந்தா அதைப் பார்க்கவாவது வரணும்னு கிடந்து தவிப்பேன். இல்லாதவன் பேருக்குப் பதில் சொல்லிச் சொல்லி நானே இல்லாதவனாயிட்டேன்’னாரு. விடுதலைக்கு எழுதிக் கேக்கச் சொன்னா, யாருக்காகங்கிறாரு."

அதைக் கேட்டதும்தான் திஸ்வாஹினுக்கு அழுகை வந்தது. சின்ன அழுகை இல்லை. நெஞ்சில் அடித்துக்கொண்டு, "பாவி நான், ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை" என்று சொல்லிச் சொல்லி அழுதாள். ஒரு வார்த்தையை வாய்க்குள் வைத்துக்கொண்டு ஒரு மனிதனைப் பதினாறு வருஷம் அநாதையாக்கிவிட்டோமே என்று தன்னையே சபித்தாள். கண் படும் என்று பயந்தவளுக்குக் கட்டினவனே கண்ணில் படாமல் போய்விட்டான்.

ஸாஜித்தை வீட்டுக்குக் கூட்டிவந்திருந்தார்கள். மத்தியானம் கையூன் மனுவோடு வந்தான். வழியிலேயே யாரோ சொல்லியிருக்க வேண்டும், முகம் வெளிறிக் கிடந்தது.

"மதினி, ஞாயித்துக்கிழமை என் அண்ணன் செத்துட்டான்னு குர்ஆன் மேல கை வெச்சு சொல்ல இருந்தேன்" என்றான். மனுவை மடித்து ரொட்டி சுடும் அடுப்பின் வாயில் போட்டுவிட்டு, அது எரிந்து முடியும்வரை அங்கேயே நின்றான்.

ஸாஜித் சட்டைப்பையில் இருந்து ஒரு காகிதம் எடுத்தான். முகாமுக்குக் கடிதம் அனுப்புகிறவர்களுக்கென்று அந்த வெளியாட்கள் கொடுத்த படிவம். "ஆறு வரி. அதுக்கு மேல எழுதினா கறுப்பு மையால அடிச்சிடுவாங்க. குடும்ப விஷயம் மட்டும்தான். இப்ப அவரு பேரு பட்டியல்ல இருக்கும், போய்ச் சேர்ந்துடும். முதல்ல வேற தாள்ல எழுதிப் பாருங்க."

காயிப் பேனாவை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தான். அவள் சொல்லச் சொல்ல எழுதினான். சலாம் சொன்னாள். கொம்பு உடைந்த எருமை செத்துப்போனதைச் சொன்னாள். அதன் கன்றுக்குக் கன்று இப்போது கறக்கிறது என்றாள். நாணல் வேய்ந்த கொட்டகையைப் பிரித்துச் செங்கல் வைத்ததைச் சொன்னாள். திரும்பிப் பார்க்காமல் போனதற்கு நாலு திட்டு திட்டினாள்.

"உம்மா, பன்னெண்டு வரி ஆச்சு. இன்னும் என்னைப் பத்திச் சொல்லவே இல்லை."

"சொல்ல வரலைடா. இத்தனை வருஷம் தொண்டையில கிடந்ததுக்கு இப்ப வழி தெரியலை."

கையூன் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "மகன் பிறந்திருக்கான்னு எழுதுடா, வேறென்ன?" என்றான்.

"நம்பமாட்டாரு" என்றாள் திஸ்வாஹின். "ஆறுதலுக்குச் சொல்றோம்பாரு. அங்க ஆளாளுக்கு அதையே சொல்லிச் சிரிச்சிருக்காங்களே." வெளியே எருமைகள் ஆற்றிலிருந்து ஏறி வருகிற சத்தம் கேட்டது. "படிவத்தை எடு. எழுது."

காயிப் எழுதினான்.

‘நீங்க கடைசியா வந்தப்ப எனக்கு ரெண்டு மாசம். கண் படும்னு சொல்லலை. மன்னிச்சிடுங்க. அங்க உங்களைக் கூப்பிடறாங்களே, அது பரிகாசம் இல்லை. உங்க சொந்தப் பேரு அதுதான். பையனுக்குக் கணக்கு வராது. திரும்பிப் பாருங்க. திஸ்வாஹின்.’

"ஆறு வரியா?"

"அஞ்சரை."

"மாஜித்துன்னு எழுதி அவருகிட்ட சம்மதம் கேளு. வாப்பா கையெழுத்து வேணும்ங்கிறாங்களே. வரும்போது போட்டுத் தருவாரு."

காயிப் அதை எழுதவில்லை. படிவத்தின் அடியில் அனுப்புபவர் பெயர் என்று ஒரு கட்டம் இருந்தது. அதில் தன் பெயரை எழுதினான். எங்கள் வழக்கப்படி பக்கத்தில் வாப்பா பெயரையும் சேர்த்தான். காயிப் லஃப்தா. கட்டத்தில் கொஞ்சம் இடம் மிச்சம் இருந்தது. யாரும் சிரிக்க அங்கே இல்லை. மெதுவாக எழுதினான்: உள்ளேன்.